அரோமேட்டிக்னா வாசமா? ஒரு ரெண்டு மார்க் கேள்விக்கு நீளமான பதில்

போன வாரம் ட்யூஷன்ல பதினொண்ணாங் கிளாஸ் பிள்ளைகளுக்கு ஒரு சின்ன டெஸ்ட் வச்சேன். அரோமேட்டிக் சேர்மம் என்றால் என்ன, ஓர் எடுத்துக்காட்டு தருக, ரெண்டு மார்க். ஒரு பொண்ணு எழுதியிருந்தா, "நல்ல மணம் உடைய சேர்மங்கள் அரோமேட்டிக் சேர்மங்கள் எனப்படும். எ.கா. மல்லிகை."

சிவப்புப் பேனாவைக் கையில எடுத்துட்டேன், ஆனா அடிக்க மனசு வரல. அந்தப் பொண்ணுக்கு ஊரு திருப்பரங்குன்றத்துக்கு அங்கிட்டு, வீட்ல மல்லிகைத் தோட்டம் இருக்கு, விடியறதுக்கு முன்னாடியே எந்திரிச்சு அம்மாகூட மொட்டுப் பறிச்சு, பூ மூட்டை மாட்டுத்தாவணி மார்க்கெட்டுக்கு வண்டி ஏறுனதுக்கு அப்புறந்தான் ஸ்கூலுக்கே கிளம்பும். வாசம்ங்கிற விஷயத்துல அவளுக்கு நான் பாடம் எடுக்க முடியாது. பேப்பரைத் திருப்பிக் குடுத்தப்ப மெதுவா கேட்டா, "மிஸ், அரோமான்னா வாசம்னுதானே அர்த்தம், அப்ப ஏன் தப்பு?"

நியாயமான கேள்வி. நான் காலேஜ் படிச்சப்ப இதே சந்தேகம் எனக்கும் வந்துச்சு, கேட்டதுக்கு "அது வெறும் பேரு, அதை விட்டுட்டு ரூலை மனப்பாடம் பண்ணு"ன்னு சொல்லிட்டாங்க, அந்தப் பதில் இன்னைக்கு வரைக்கும் எனக்கு உறுத்திக்கிட்டே இருக்கு. ஒரு வார்த்தை எங்க இருந்து கிளம்பி எங்க வந்து நிக்குதுன்னு தெரிஞ்சா அந்த ரூலை மனப்பாடம் பண்ணவே தேவையில்ல, அதான் இதை எழுதுறேன்.

அரோமாங்கிறது கிரேக்க வார்த்தை, வாசனைச் சரக்குன்னு அர்த்தம், நம்ம பட்டை கிராம்பு மாதிரி. 1855ல லண்டன்ல இருந்த ஜெர்மன்கார வேதியியலாளர் ஹாஃப்மன்தான் அதை வேதியியல்ல ஒரு குடும்பத்துக்குப் பேரா வச்சாரு. அப்ப கையில இருந்த சரக்கைப் பார்த்தா அந்தப் பேரு ஏன் வந்துச்சுன்னு புரியும். கசப்பு பாதாம் எண்ணெய்ல இருந்து ஒண்ணு, பட்டை எண்ணெய்ல இருந்து ஒண்ணு, மூட்டுவலித் தைலத்துல ஜிவ்வுனு அடிக்குமே அந்த வின்டர்கிரீன் எண்ணெய்ல இருந்து ஒண்ணு, மரப் பிசின்கள்ல இருந்து சிலது. எல்லாம் மூக்கைத் துளைக்கிற சாமான். எல்லாத்துக்கும் ஒரே மாதிரி குணமும் இருந்துச்சு, கார்பன் ஜாஸ்தி, ஹைட்ரஜன் கம்மி, என்ன பண்ணாலும் ஒரு ஆறு கார்பன் கூட்டம் மட்டும் உடையாம அப்படியே மிஞ்சும். அந்த ஆறு கார்பன் எப்படி உக்காந்திருக்குன்னு அப்ப யாருக்கும் தெரியாது, கெக்குலே அதை ஒரு வளையம்னு சொன்னது 1865லதான். அதாவது பேரு முதல்ல வந்துருச்சு, அர்த்தம் பத்து வருஷம் கழிச்சு வந்துச்சு. அந்தப் பொண்ணோட பதிலை 1855ல எழுதியிருந்தா முழு மார்க் போட்டிருப்பாங்க.

அந்தக் குடும்பத்துக்குத் தலைமகன் பென்சீன். அந்தப் பேருக்குள்ள நம்ம வீட்டு சாம்பிராணி இருக்குன்னு சொன்னா பிள்ளைக நம்ப மாட்டேங்குதுக. ஜாவா, சுமத்ரா பக்கத்துல இருந்து வந்த பிசினை அரபு வியாபாரிகள் லுபான் ஜாவின்னு சொன்னாங்க, ஜாவா குந்திரிக்கம்னு அர்த்தம். அந்த லுபான்ல இருந்த "லு" ஐரோப்பாக்காரங்க வாயில உதிர்ந்துபோய் மிச்சம் இருந்த "பான் ஜாவி" பென்ஜாயின்னு ஆகி, பென்சாயின்னு ஆச்சு. அந்தப் பிசின்ல இருந்து எடுத்த அமிலம் பென்சாயிக் அமிலம். 1833ல மிட்ஷெர்லிக் அந்த அமிலத்தைச் சுண்ணாம்போட சேர்த்துச் சூடு பண்ணி ஒரு எண்ணெய் எடுத்தாரு, அதுக்கு பென்சின்னு பேரு வச்சாரு. அதே எண்ணெயை 1825லயே ஃபாரடே கண்டுபிடிச்சுட்டாரு, விளக்கு எரிக்கிற கேஸை அழுத்தி அடைச்சு வச்சப்ப அடியில தேங்குன கசடுல இருந்து, ஆனா அவர் வச்ச பேரு நிக்கல, சாம்பிராணிப் பேருதான் நின்னுச்சு.

இதை வாயால சொன்னா போதாதுன்னு கீழமாசி வீதில ஒரு நாட்டுமருந்துக் கடைல போய் நெசமான சாம்பிராணி கேட்டு வாங்கிட்டு வந்தேன், கம்ப்யூட்டர் சாம்பிராணி இதுக்கு ஆகாது. மொட்டைமாடில ஒரு பழைய இரும்புக் கரண்டில கட்டியை உடைச்சுப் போட்டு, கம்மியான தணல்ல வச்சு, மேல ஒரு சில்வர் டம்ளரைக் கவுத்தி, டம்ளர் மேல ஈரத்துணியைச் சுத்திட்டேன். கட்டி முதல்ல ஓரம் இளகி, பழுப்பா பொங்குச்சு. பத்து நிமிஷம் கழிச்சு டம்ளரை ஆறவிட்டுத் திருப்பினா உள்பக்கம் பூராவும் மெல்லிசா வெள்ளை வெள்ளையா ஊசி, பஞ்சு ஒட்டுன மாதிரி. விரல்ல தொட்டா மினுமினுன்னு ஒட்டுது. முக்கியமா அது பென்சாயிக் அமிலம். ஒரு பையன் கிட்ட குனிஞ்சு மூச்சை இழுத்துட்டு இருமித் தள்ளிட்டான், தொண்டையைப் பிடிக்கும், யாரும் செஞ்சு பார்த்தா முகத்தைத் தள்ளி வச்சுக்கங்க. திடப்பொருள் ஆவியாகி நேரா மறுபடி திடமா படியிறதை நாம பதங்கமாதல்னு படிக்கிறோம்ல, சித்த மருத்துவத்துல அப்படிப் படியிற மருந்துக்குப் பேரே பதங்கம். பழைய ஐரோப்பியப் புத்தகங்கள்ல இந்த வெள்ளை ஊசிக்குப் பேரு சாம்பிராணிப் பூ. இதே அமிலத்தோட சோடியம் உப்பைத்தான் இன்னைக்கு ஜாம், சாஸ் பாட்டில்ல கெடாம இருக்கச் சேர்க்கிறாங்க, சோடியம் பென்சோயேட்னு லேபிள்ல பார்க்கலாம்.

சரி, இனி அர்த்தத்துக்கு வர்றேன்.

பென்சீன்ல ஆறு கார்பன், ஆறு ஹைட்ரஜன். புத்தகத்துல ஒரு விட்டு ஒரு இரட்டைப் பிணைப்பு போட்டு வரைவோம். இரட்டைப் பிணைப்பு இருந்தா புரோமின் தண்ணியோட செவப்பு நிறம் பட்டுனு மறையணும், எத்திலீன் மறைக்கும். பென்சீன்ல ஊத்திக் குலுக்குங்க, நிறம் அப்படியே நிக்கும். கெக்குலே வளையம் சொல்லியும் இந்த முரண்டு ஏன்னு ரொம்ப வருஷம் புரியல. 1929ல கேத்லீன் லான்ஸ்டேல்ங்கிற அம்மா எக்ஸ்ரே போட்டுப் பார்த்து இந்த வளையம் தட்டையானதுன்னு நிரூபிச்சாங்க. ஆறு பிணைப்பும் ஒரே நீளம், 1.39 ஆங்ஸ்ட்ராம் (ஒரு மீட்டரை ஆயிரம் கோடியாப் பிரிச்சா அதுல ஒரு பங்கு ஒரு ஆங்ஸ்ட்ராம்). ஒத்தைப் பிணைப்புன்னா 1.54, இரட்டைன்னா 1.34, இது ரெண்டுக்கும் நடுவுல நிக்குது. மூணு இரட்டைப் பிணைப்புலயும் ரெண்டாவது கோட்டுக்கு உள்ள எலக்ட்ரான் மொத்தம் ஆறு, அதுக்குப் பேரு பை எலக்ட்ரான். அந்த ஆறும் எந்த ரெண்டு கார்பனுக்கும் தனிச் சொத்து இல்ல, வளையம் முழுக்கப் பொதுச் சொத்து. இதைத்தான் புத்தகத்துல உள்ளடங்காத எலக்ட்ரான்னு எழுதியிருக்கும்.

எங்க பக்கம் முளைப்பாரிக்குப் பொம்பளைக வட்டமா நின்னு கும்மி கொட்டுவாங்க, பார்த்திருப்பீங்க. ஆறு பேர் கொட்டுறாங்கன்னு வைங்க. எந்தக் கொட்டு யாரோடதுன்னு பிரிக்க முடியாது, சத்தம் வட்டத்தோட சத்தம். ஒருத்தி தலையில இருக்கிற பூவை எடுத்துட்டு வேற பூ வச்சுவிட்டாலும் கும்மி நிக்காது. ஆனா ரெண்டு பேரைக் கையைப் பிடிச்சு வெளிய இழுத்தா வட்டமே அறுந்துபோகும், அதுக்குச் சுலபத்துல விட மாட்டாங்க. தலைப்பூவுங்கிறது ஹைட்ரஜன். அதை எடுத்துட்டு புரோமினை வைக்கிறது பதிலீட்டு வினை, வினையூக்கி ஒண்ணு போட்டா பென்சீன் சம்மதிக்கும். ஆளையே இழுக்கிறது சேர்க்கை வினை, அதுக்கு லேசுல சம்மதிக்காது. எவ்வளவு பிடிவாதம்னு கணக்கே இருக்கு. ஒரு இரட்டைப் பிணைப்புல ஹைட்ரஜன் ஏத்துனா மோலுக்கு 120 கிலோஜூல் வெளிய வரும், மூணு இருந்தா 360 வரணும், பென்சீன்ல வர்றது 208தான். மிச்சம் 150 சொச்சம் கிலோஜூல் அந்த வட்டம் கட்டுன லாபம்.

அரோமேட்டிக்ங்கிற வார்த்தைக்கு இன்னைக்கு அர்த்தம் இந்த லாபம்தான், வாசம் இல்ல. வளையமா இருக்கணும், தட்டையா இருக்கணும், எலக்ட்ரான் சுத்தி வர வழி எங்கயும் அறாம இருக்கணும், அந்தப் பை எலக்ட்ரான் எண்ணிக்கை 2, 6, 10, 14ன்னு நாலு நாலா ஏறுற வரிசைல இருக்கணும். கடைசி விதி ஹக்கல் 1931ல சொன்னது. எட்டு கார்பன் வளையம் ஒண்ணு இருக்கு, சைக்ளோ ஆக்டாடெட்ராயீன், எட்டு எலக்ட்ரான், வரிசைல எட்டு இல்ல, அதனால அது தட்டையா உக்காராம தொட்டி மாதிரி வளைஞ்சுக்கும், புரோமின் நிறத்தையும் மறைச்சுரும். ஏழு கார்பன் வளையத்துல இருந்து ஒரு எலக்ட்ரானை உருவுனா ஆறு மிஞ்சும், அந்த டிரோப்பிலியம் அயனி பென்சீன் இல்லாமலே அரோமேட்டிக். நீட்டுக்குப் படிக்கிற பிள்ளைக இந்த ரெண்டையும் விட்றாதீங்க.

இப்ப மூக்கை மறந்துட்டு அடுப்படிக்குள்ள வாங்க. கிராம்புல யூஜெனால், பட்டைல சின்னமால்டிஹைடு, சோம்புல அனித்தோல், ஓமத்துல தைமால், நாலும் பென்சீன் வளையம் உள்ளது, வாசமும் அர்த்தமும் ஒத்துப்போற இடம். ஆனா சூடம்? சாமி ரூம் பூராவும் மணக்குது, பத்து கார்பன் ஒரு கூண்டு மாதிரி கட்டியிருக்கு, கார்பன் ஆக்சிஜன் இரட்டைப் பிணைப்பு ஒண்ணே ஒண்ணு, சுத்தி வர எலக்ட்ரானே இல்ல, அரோமேட்டிக் கிடையாது. எலுமிச்சைத் தோல்ல லிமோனீன் வளையம்தான், அதுவும் கிடையாது. சந்தனமும் கிடையாது. அந்தப் பக்கம் பாரசிட்டமால் மாத்திரையை மோந்து பாருங்க, வாசமே தெரியாது, அது அசல் அரோமேட்டிக். பச்சமிளகாய்ல காரம் குடுக்கிற கேப்சைசினும் அப்படித்தான். பிரிடீன்னு ஒண்ணு லேப்ல இருக்கும், மூடியைத் திறந்தா அழுகுன மீன் மாதிரி குமட்டும், ஆறு எலக்ட்ரான், சுத்தமான அரோமேட்டிக்.

சோப்புக் கவர்லயும் பத்திக் கட்டுலயும் அரோமேட்டிக்னு போட்டிருந்தா அது வாசமானதுங்கிற பழைய அர்த்தம், அதுவும் தப்பில்ல, அந்த அர்த்தத்துக்கும் வயசு ஜாஸ்தி. எனக்கு ஆகாதது ஒண்ணே ஒண்ணு, பாடத்துல நறுமணச் சேர்மம்னு தமிழ்ப்படுத்தி எழுதுறது. அரோமேட்டிக்னு எழுதுனா பிள்ளை இது என்னமோ புது வார்த்தைன்னு நின்னு கேக்கும், நறுமணம்னு எழுதுனா தெரிஞ்ச வார்த்தையாச்சேன்னு தாண்டிப் போயிரும். தமிழ்ல எழுதணும்னு ஆசைப்படுற ஆள்தான் நானும், ஆனா இந்த இடத்துல தமிழ்ப் பேரு பிள்ளையைத் தப்பான வாசல்ல கொண்டு போய் விடுது.

அவ எழுதுன மல்லிகைக்கு வர்றேன். மதுரை மல்லிக்கு 2013ல புவிசார் குறியீடு கிடைச்சுது எல்லாருக்கும் தெரியும். அந்த வாசம் ஒரு பொருள் இல்ல, ஒரு கூட்டம். சாயங்காலம் எங்க அத்தை முறத்துல மொட்டைக் கொட்டி வாழைநாரை நனைச்சு வச்சுக்கிட்டுக் கட்ட உக்காருவாங்க, அப்ப மொட்டு இறுகிப் பச்சை கலந்த வெள்ளையா இருக்கும், வாசம் ரொம்ப இருக்காது. ஏழு மணிக்கு மேல ஒண்ணொண்ணா வாய் திறக்கும், வீடே மாறிப்போகும். அந்தக் காத்துல லினலூல் இருக்கு, ஃபார்னசீன் இருக்கு, ரெண்டும் நீட்டுச் சங்கிலி, வளையமே கிடையாது, அரோமேட்டிக் இல்ல. கூடவே பென்சைல் அசிடேட் இருக்கு, மெத்தில் ஆந்த்ரனிலேட் இருக்கு, ரெண்டுலயும் பென்சீன் வளையம். அப்புறம் இண்டோல். பென்சீன் வளையத்தோட நைட்ரஜன் உள்ள அஞ்சு மூலை வளையம் ஒண்ணு ஒட்டியிருக்கும், நைட்ரஜன் தன் ஜோடி எலக்ட்ரானையும் பொதுவுல போட்டா மொத்தம் பத்து, ஹக்கல் கணக்குல உக்காந்துரும். இந்த இண்டோல் மலத்துலயும் இருக்கிற பொருள். கெட்டியா மோந்தா அந்துருண்டையும் கழிவும் கலந்த மாதிரி இருக்கும், துளியூண்டு காத்துல கலந்தா பூ. நேத்து வச்ச சரம் தலையணைக்குப் பக்கத்துல வாடிக் கிடக்கும்போது ஒரு கனத்த வாடை வருமே, கொஞ்சம் கிட்ட வச்சு மோந்து பாருங்க, இனிப்புக்கு அடியில அந்த வாடை பிடிபடும்.

அதனால அவ பதில்ல எடுத்துக்காட்டு பாதி சரி, பாதி இல்ல. பூவை எழுதாம பூவுக்குள்ள இருக்கிற பென்சைல் அசிடேட்டை எழுதியிருந்தா முழுசும் சரி. ஒரு மார்க் போட்டுக் குடுத்தேன்.

இதெல்லாம் சொல்லி முடிச்சதும் கடைசி பெஞ்ச்ல இருந்து ஒரு பையன், "மிஸ், பென்சீனுக்கே வாசம் இருக்கா?"ன்னான். இருக்கு தம்பி, லேசா இனிப்பா இருக்கும். பெட்ரோல்ல அது கொஞ்சம் கலந்திருக்கு, பிஎஸ் ஆறுங்கிற புகைக் கட்டுப்பாட்டுத் தரத்துல 1 சதவீதத்துக்கு மேல இருக்கக் கூடாதுன்னு விதி. அது ரத்தப் புற்றுநோய் வரவைக்கிற பொருள்னு உறுதியானது, அதனாலதான் இந்தக் கட்டுப்பாடு. பெட்ரோல் வாசம் எனக்குப் பிடிக்கும்னு சொல்ற பிள்ளைக ட்யூஷன்ல நாலஞ்சு இருக்குக, அதுகளுக்குத்தான் இதை அழுத்திச் சொன்னேன், பங்க்ல வண்டிக்கு அடிக்கும்போது டேங்க் பக்கம் குனியாம ரெண்டு எட்டு தள்ளி நில்லுங்கன்னு.