90 மி.மீ. ஈனியாஸ்: தோள் ஒருவழியாக நின்றது

ட்ராய் நகரம் எரிந்தபோது கிழ அப்பா அன்கைசிஸைத் தோளில் தூக்கிக்கொண்டு தப்பிய புராண வீரன் ஈனியாஸின் சின்ன உருவம் இது. அன்கைசிஸ் இனி ஆட மாட்டார். மகனின் இடது தோளில் அப்பாவை உட்கார வைப்பதுதான் இந்த உருவத்தில் முக்கால்வாசி வேலை. மற்றதெல்லாம் வழக்கமான கம்பிக்கூடும் எபாக்ஸி பட்டியும்தான் (களிமண் போலப் பிசைந்து வடித்தால் இறுகிவிடும் கலவை).

இரு உருவங்களையும் இணைக்க ஒற்றைப் பின் (செருகு கம்பி) போதவே போதாது. உருண்டைத் துளையில் உருண்டைக் கம்பி சுழலும். எவ்வளவு பசை போட்டாலும் பெயின்ட் அடிக்கக் கையிலெடுத்ததும் கிழவர் திரும்பிக்கொள்வார். 1 மி.மீ. பித்தளைக் கம்பி இரண்டை 4 மி.மீ. இடைவெளியில் இறக்கினால் அசைவே இல்லை. ஈனியாஸின் உடம்பு ஒரு முழு நாள் இறுகிய பிறகே ட்ரில்லைத் தொட வேண்டும். பின்களைச் செருகி, தோளில் வேஸ்லினை மெல்லிசாகப் பூசி, புதுப் பட்டியை அதன்மேல் அழுத்தி, அன்கைசிஸின் தொடையை அங்கேயே வடிக்க வேண்டும். தனியே செய்து கொண்டுவந்து வைத்தால் சுமையாகத் தெரியாது, ஒட்டுப்போட்டதாகத்தான் தெரியும். வேஸ்லின் இருப்பதால் இறுகியபின் தனியே கழற்றிப் பெயின்ட் அடிக்கலாம்.

உடம்பு வலப்பக்கம் சுமார் 10 டிகிரி சாய்வு, இடது தோள் 2 மி.மீ. உயரம். இருவர் எடைக்கும் நடுவிலிருந்து நூல் விட்டால் இரு பாதங்களுக்கு இடையே விழ வேண்டும்.

இணைப்பை மறைக்க லத்தீன் கவி வெர்ஜிலே வழி வைத்திருக்கிறார். அவருடைய ஈனியட் காவியத்தின் இரண்டாம் காண்டத்தில் தோளில் சிங்கத்தோலை விரித்துக்கொண்டுதான் ஈனியாஸ் அப்பாவைத் தூக்குகிறான். அரை மி.மீ. தகடாகத் தேய்த்த பட்டி, மேலே ரோமம் போலக் கீறல். செருகிய பின்கள் இருந்த இடமே தெரியவில்லை. ரோமம் கீறுவதற்குப் பல் மருத்துவ மாணவர்கள் வாங்கும் மெழுகு செதுக்கும் கருவி செட்டை மிஞ்ச எதுவும் இல்லை. ஹாபி கடைக்காரர்கள் அதே கருவிக்கு வேறு பெயர் வைத்துக் கூடுதல் விலை போடுகிறார்கள்.

எந்த ஈனியாஸ் என்பதை முதலிலேயே முடிவு செய்யுங்கள். கம்பி வளைப்பதே அதைப் பொறுத்தது. கி.மு. 47–46-இல் ஜூலியஸ் சீசர் அடித்த டெனாரியஸ் வெள்ளி நாணயத்தில் அவன் அம்மணமாக நடக்கிறான். இடது தோளில் அப்பா, வலது கையில் பல்லேடியம் என்ற ட்ராயின் காவல் தேவி சிலை. தன் மகன் அஸ்கேனியஸைப் பிடிக்கக் கை மிச்சமில்லை. மறுபக்கம் ஈனியாஸின் தாயான தேவி வீனஸ்: சீசரின் ஜூலியர் குடும்பம் தேவி வம்சம் என்ற விளம்பரம். கி.மு. 2-இல் அர்ப்பணிக்கப்பட்ட ரோமின் அகஸ்டஸ் மன்றத்துச் (பேரரசர் அகஸ்டஸ் கட்டிய பொதுச்சதுக்கம்) சிலையில் அவன் கவசம் அணிந்திருக்கிறான். ஜூலியர் என்ற குடும்பப் பெயருக்கே மூலமான பையன் அஸ்கேனியஸ் (இன்னொரு பெயர் இயுலஸ்) அவன் வலது கையைப் பிடித்து வருகிறான். குலதெய்வச் சிலைகள் இருக்கும் பெட்டி கிழவரின் மடிக்குப் போய்விட்டது. வெர்ஜில் சொல்லும் காரணம், போரிட்டு வந்த கையைக் கழுவாமல் அதைத் தொடக்கூடாது என்பது. நான் எடுத்தது இந்த வடிவம். சிங்கத்தோல் மட்டும் காவியத்திலிருந்து கடன்.

அஸ்கேனியஸுக்கு 50 மி.மீ. உயரம் சரி. ஈனியாஸோடு ஒரே காலை முன்வைத்தால் அணிவகுப்பு மாதிரி ஆகிவிடும். ஈனியாஸ் ஓர் அடி வைக்கப் பையன் இரண்டு வைக்க வேண்டும். ஃப்ரிஜியக் குல்லாய் முடிந்தது, கால்சட்டை மடிப்பு பாக்கி.

அதற்குள் ஜோடி உருவத்துக்குக் கம்பி வெட்டியாயிற்று: அதே மன்றத்தில் எதிர்ப்புறம் நின்ற, ரோமை நிறுவிய ரோமுலஸ், தோளில் தான் கொன்ற எதிரி மன்னன் அக்ரோனிடம் பறித்த ஆயுதங்கள். அதுவும் இடது தோள்தான். இரண்டு பின் அங்கேயும் போகும்.