வேலிக்கல் ஊன்றக் காவல் பாதுகாப்பு கேட்டு அலைந்த கதை

என் தந்தை 2009இல் முன்சீப் நீதிமன்றத்தில் பெற்ற நிரந்தர உறுத்துக் கட்டளை (எங்கள் நிலத்தில் தலையிடக் கூடாது என்ற நிரந்தரத் தடை உத்தரவு) எங்கள் கையில் இருந்தும், நாற்பது சென்ட் நிலத்துக்கு எங்களால் வேலி போட முடியவில்லை. பகலில் ஊன்றிய கற்களைப் பக்கத்து நிலத்துக்காரர் இரவோடு இரவாகப் பிடுங்கிவிடுவார். காவல் நிலையத்தில் தீர்ப்பு நகலைப் புரட்டிக்கூடப் பார்க்காமல், "இது சிவில் விவகாரம், பாதுகாப்புக்கு கோர்ட் ஆர்டர் வாங்கி வாருங்கள்" என்று அனுப்பிவிட்டார்கள். மனு ஏற்புச் சான்றும் தரவில்லை.

அந்தப் பேச்சை நம்பி, நேராக உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் அரசியலமைப்புச் சட்டத்தின் 226ஆவது உறுப்பின் கீழ் மனுப் போட்டது என் தவறு. காவல் கண்காணிப்பாளருக்கு அனுப்பிய புகாரின் ஒப்புகை அட்டையை வைத்திருந்த நான், ஆய்வாளரிடம் நேரில் கொடுத்த புகாருக்கு எந்தச் சான்றும் வாங்கவில்லை. தமிழ் ஆவணங்களுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பும் வைக்கவில்லை. மனு எண்ணிடப்படாமலே திரும்பியது. குறைகளைச் சரிசெய்து மீண்டும் தாக்கல் செய்தோம். விசாரணை ஐந்து நிமிடம்கூட நடக்கவில்லை: தீர்ப்பாணை (டிக்ரி) இருக்கும்போது அதை நிறைவேற்றும் நீதிமன்றத்தை அணுகுங்கள் என்று நீதிபதி சொல்ல, மனுவைத் திரும்பப் பெற்றுக்கொண்டோம். நான்கு மாதங்களும் வழக்குச் செலவும் வீணாயின. தீர்ப்பாணை வைத்திருப்பவர்கள் தயவுசெய்து இந்தச் சுற்றுவழியில் போகாதீர்கள்.

ஊர் திரும்பி, வாரிசுச் சான்றுடன் உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 21, விதி 32இன் கீழ் நிறைவேற்று மனுவும், காவல் உதவி கேட்டுப் பிரிவு 151இன் கீழ் தனி மனுவும் போட்டேன். பன்னிரண்டு ஆண்டுகள் கடந்துவிட்டதால் தீர்ப்பாணை காலாவதியாகிவிட்டது என்று எதிர்த்தரப்பு வாதிட்டபோது, அப்பா பட்ட பாடெல்லாம் போயிற்று என்று நான் உடைந்துபோனேன். எங்கள் வழக்கறிஞர் காலவரையறைச் சட்டத்தின் 136ஆவது இனத்தைத் திறந்து, பன்னிரண்டு ஆண்டு வரம்பு நிரந்தர உறுத்துக் கட்டளையை நிறைவேற்றக் கோரும் மனுவுக்குப் பொருந்தாது என்ற வரியை வாசித்துக் காட்டினார். அதே போன்ற பழைய தீர்ப்பைக் காலாவதி என்று எண்ணிப் பெட்டிக்குள் போட்டுவைத்திருப்பவர்கள் எத்தனை பேரோ! அந்த ஒரு வரிக்காகவே இதை எழுதுகிறேன்.

காவல் உதவிக்கு உத்தரவு கிடைத்தது. அதன் பிறகும் திருவிழா பந்தோபஸ்து என்று இரண்டு முறை தள்ளிப்போட்டார்கள். இரண்டு முறையும் கல் ஏற்றிய வண்டிக்கும் ஆட்களுக்கும் கூலி கொடுத்துத் திருப்பி அனுப்பினேன். மூன்றாம் முறை உத்தரவின் சான்றிட்ட நகலுடன் எழுத்துமூலம் தேதி கேட்டு, பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்தும் முத்திரையும் வாங்கிய பிறகே வண்டி பேசினேன். முதலிலிருந்தே எல்லா இடத்திலும் இப்படிச் செய்திருக்க வேண்டும். அன்று உத்தரவை நிறைவேற்றும் நீதிமன்ற ஊழியரான அமீனாவும் உதவி ஆய்வாளரும் இரண்டு காவலர்களும் காலை பத்து மணிக்கே வந்துவிட்டார்கள். பிற்பகல் இரண்டு மணிக்குள் எல்லாக் கற்களும் நின்றன. வடகிழக்கு மூலைக் கல்லுக்கு அம்மா மஞ்சள் பூசினார்.