சுயசான்றும் வீடு கட்டுபவரின் பொறுப்பும்

என் தம்பி சென்னைப் புறநகரில் வீடு கட்டத் தொடங்கவிருப்பதால், சில வாரங்களாகத் தமிழ்நாடு ஒருங்கிணைந்த வளர்ச்சி மற்றும் கட்டட விதிகளை வரிவரியாகப் படித்து வருகிறேன். 2019 பிப்ரவரியில் இவை நடைமுறைக்கு வருவதற்கு முன், பெருநகருக்கு ஒன்று, நகராட்சிக்கு ஒன்று, ஊராட்சிக்கு ஒன்று என்று விதிகள் சிதறிக் கிடந்தன. அவற்றை ஒன்றாக்கியதோடு, உயரம் குறைந்த கட்டடங்களுக்கான தளப்பரப்புக் குறியீட்டையும் 1.5-இலிருந்து 2 ஆக உயர்த்தினார்கள். அதாவது 1,200 சதுர அடி மனையில், சுற்றிலும் விடவேண்டிய இடமும் உயர வரம்பும் அனுமதித்தால், 2,400 சதுர அடி வரை கட்டலாம்.

எங்களைப் போன்ற சிறு மனைக்காரர்களுக்கு அதைவிடப் பெரிய மாற்றம் 2024 ஜூலையில் வந்த சுயசான்று முறைதான், அதாவது விதிப்படி கட்டுவதாக உரிமையாளரே சான்றளிக்கும் முறை. 2,500 சதுர அடிக்கு மிகாத மனையில், 3,500 சதுர அடிக்குள், தரைத்தளமும் அதிகபட்சம் ஒரு மாடியும் கொண்ட வீட்டுக்கு, ஒற்றைச் சாளர இணையதளத்தில் ஆவணங்களையும் வரைபடத்தையும் பதிவேற்றிக் கட்டணம் செலுத்தினால் உடனே அனுமதி கிடைக்கிறது. அனுமதிக்கு முன் இடத்தைப் பார்வையிட யாரும் வருவதில்லை. நிறைவுச் சான்றிதழும் தேவையில்லை. என் வீட்டு அனுமதிக்காக மாதக்கணக்கில் அலைந்தவன் என்பதால் இதை மனமார வரவேற்கிறேன்.

என் கவலை வேறு. வரைபடத்தில் காட்டிய பக்க இடைவெளி தளத்திலும் இருக்கிறதா, 2003 முதல் கட்டாயமான மழைநீர் சேகரிப்பு அமைப்பு உண்மையிலேயே கட்டப்பட்டதா என்பதையெல்லாம் இனி முதலில் பார்க்க வேண்டியவர் உரிமையாளரே. கம்பி விஷயம் இன்னும் முக்கியமானது. 2002-இல் சென்னை, மிதமான நிலநடுக்க அபாயத்தைக் குறிக்கும் மூன்றாம் நில அதிர்வு மண்டலத்துக்கு மாற்றப்பட்டது. அதற்கேற்பத் தூணும் பீமும் சேரும் இடங்களில் ரிங்குகளை (நீளக் கம்பிகளைச் சுற்றிக் கட்டும் வளையங்களை) நெருக்கமாகக் கட்டி, அவற்றின் முனைகளை 135 பாகைக்கு உள்நோக்கி மடக்க வேண்டும். எங்கள் தெருவில் நான் பார்த்த வேலைகளில் பெரும்பாலும் 90 பாகையோடு நிறுத்திவிடுகிறார்கள், கான்கிரீட் போட்டபின் அது யார் கண்ணுக்கும் தெரிவதில்லை. பதிவேற்றிய வரைபடமும் இதைக் காட்டிக்கொடுக்காது.

தம்பியின் மனை களிமண் நிலம். ஆகவே அனுமதி கைக்கு வந்த பிறகும் அஸ்திவாரம் தோண்டுவதை நிறுத்திவைத்து, மண் பரிசோதனை அறிக்கையோடு ஒரு கட்டமைப்புப் பொறியாளரிடம் கம்பி வரைபடம் கேட்டிருக்கிறோம். ஒவ்வொரு கான்கிரீட்டுக்கும் முந்தைய நாள் அவர் நேரில் வந்து பார்க்க வேண்டும் என்பதையும் மேஸ்திரியின் ஒப்பந்தத்திலேயே எழுதச் சொல்லியிருக்கிறேன்.