காபிலம்: ஒரு துணைக்காலில் தப்பிப் போகும் மதிப்பெண்

வினாத்தாளில் ‘காபிலர்’ என்று ஒரு சொல் வரும். அவசரத்தில் வாசிக்கிற கண் அந்தத் துணைக்காலைத் தாண்டிப் போய்விடும். உடனே பாரி, பறம்பு, குறிஞ்சிப்பாட்டு என்று மனம் ஓடும். நாலு விடைகளில் ஒன்றாகப் பாரியையும் வைத்திருப்பார்கள். வினா எழுதுகிறவர்களுக்கும் நம் அவசரம் தெரியும்.

கபிலர் சங்கப் புலவர். காபிலர் என்றால் கபில முனிவரின் சாங்கியம் என்ற தத்துவக் கொள்கையைப் பின்பற்றுகிறவர்கள். காபிலம் என்பது அந்தக் கொள்கை. இன்னொரு பொருளும் உண்டு: உபபுராணங்கள் 18இல் ஒன்றின் பெயரும் காபிலம்தான். நாரசிங்கம், காபிலம், வாருணம், பாராசரம் என்று அடுக்கி வந்தால் அங்கே புராணம். பாதஞ்சலம் (யோகம்), சைமினீயம் (மீமாஞ்சை) பக்கத்தில் வந்தால் தத்துவம். சொல்லைத் தனியாகப் பார்த்துப் பொருள் எழுதக்கூடாது என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடைப்பது கடினம்.

நாகர்கோவில், தக்கலை, மார்த்தாண்டம் பக்கமிருந்து நெட் (கல்லூரி ஆசிரியர் தகுதித் தேர்வு) தமிழுக்கும் முனைவர் பட்ட நுழைவுத் தேர்வுக்கும் படிக்கிறவர்களை மனதில் வைத்து இதை எழுதுகிறோம். நெட்டின் இரண்டாம் தாளில் 100 வினா, 200 மதிப்பெண்; தவறான விடைக்குக் கழிவு கிடையாது. முதல் தாளின் தருக்கப் பகுதியில் பிரத்தியட்சம் (காட்சி), அனுமானம் முதலான அளவைகளும், அதாவது அறிவைப் பெறும் வழிகளும், பாடத்திட்டத்தில் உண்டு. சமயவாதிகள் தம் கொள்கையைச் சொல்லும் மணிமேகலையின் 27ஆம் காதையை ஒழுங்காகப் படித்தால் இரண்டு தாளுக்கும் உதவும். ஒரு கல், இரண்டு மாங்காய்.

முதலில் சொல் எப்படிப் பிறக்கிறது என்று பார்ப்போம். மார்க்சியம், காந்தியம், பெரியாரியம் என்று இன்றைக்கு நாம் ஆக்குகிற சொற்களில் மாற்றம் வால் பக்கம் நடக்கிறது. வடமொழி வழியில் வந்த சொற்களில் தலைப் பக்கமும் நடக்கும். பெயரின் முதல் உயிர் நீளும் அல்லது திரியும். இதற்கு ஆதிவிருத்தி என்று பெயர். இப்படி ஆகிற பெயர் தத்திதம். வீரசோழியத்தில் தத்திதப் படலம் என்றே ஒரு பகுதி இருக்கிறது. அ, ஆ ஆகும்: சனகன் மகள் சானகி. இகரமும் ஏகாரமும் ஐ ஆகும்: மிதிலைக்காரி மைதிலி, கேகயத்தாள் கைகேயி. உகரமும் ஓகாரமும் ஔ ஆகும்: குரு வழியினர் கௌரவர், சுமித்திரை மகன் சௌமித்திரி. வடமொழியின் ‘ருகர’ உயிர் ஆர் ஆகும்: பிருகு வழியினன் பார்க்கவன். இராமாயண, பாரதப் பெயர்களாலேயே முழு விதியும் வந்துவிட்டது; தனியாக மனப்பாடம் வேண்டாம்.

இப்போது கபிலனை இந்த விதியில் போட்டால் காபிலம். பதஞ்சலி பாதஞ்சலம் ஆவார். புத்தன் பௌத்தம், சினன் சைனம். சைனம் நமக்கு அந்நியமில்லை. நாகர்கோவில் நாகராசர் கோவில் தூண்களிலும் சிதறால் மலைப் பாறையிலும் தீர்த்தங்கரர் உருவங்கள் இருக்கின்றன. சினனைப் பார்த்திருக்கிறோம், சைனம் என்ற சொல் பழகியிருக்கிறது, இரண்டுக்கும் நடுவே இ ஐ ஆனதை மட்டும் யாரும் கவனிப்பதில்லை. கணாதருக்கு உலூகன் என்றும் ஒரு பெயர். உலூகம் என்றால் கூகை. அதிலிருந்து ஔலூக்கியம், அதாவது வைசேடிகம். கூகைக்கும் அணுக்கொள்கைக்கும் என்ன உறவு என்று திகைக்கிறவர்கள் இந்த வினாவைத் தவற விடுவார்கள்.

இங்கே ஒரு எச்சரிக்கை. தலை நீண்ட சொல்லெல்லாம் ஆளின் பெயரிலிருந்து வந்தது என்று முடிவு கட்டிவிடக் கூடாது. சாங்கியம் என்ற சொல்லே விருத்திதான். ஆனால் அது சங்கியை, அதாவது எண், என்பதிலிருந்து வந்தது. விசேடம் வைசேடிகம் ஆயிற்று, நியாயம் நையாயிகம் ஆயிற்று. இவை கொள்கையால் வந்த பெயர்கள். காபிலம், ஔலூக்கியம், சைமினீயம் ஆசிரியரால் வந்தவை. சாங்கியமும் காபிலமும் சுட்டுவது ஒரே மதம், பெயர்க் காரணம் வேறு. ‘ஆசிரியரால் பெயர் பெறாதது எது’ என்று கேட்டால் இந்தப் பிரிவினைதான் கை கொடுக்கும்.

ஆசிரியர் பட்டியலை மணிமேகலையே தருகிறது. உலோகாயதம், பௌத்தம், சாங்கியம், நையாயிகம், வைசேடிகம், மீமாஞ்சகம் என ஆறு சமயங்களைச் சொல்லி, அதே வரிசையில் ‘பிருகற்பதி சினனே கபிலன் அக்கபாதன் கணாதன் சைமினி’ என்று ஆறு ஆசிரியரையும் நிறுத்துகிறது. நிரல்நிறை, ஒன்றுக்கு ஒன்று நேர். இதில் வழுக்குகிற இடம் சினன். சினன் என்றதும் சைனத்துக்குக் கை போகும். பட்டியலில் இரண்டாம் சமயம் பௌத்தம், ஆகவே இங்கே சினன் புத்தன். வென்றவன் என்ற பொருளில் இருவருக்கும் அந்தப் பெயர் உண்டு. அக்கபாதன் நியாய நூல் செய்த கௌதமர்; புத்தரும் கௌதமர்தான் என்பதால் அங்கேயும் ஒரு கால் தடுக்கும்.

அளவைகளின் எண்ணிக்கையையும் இந்தப் பெயர்களோடு சேர்த்தே எழுதி வையுங்கள். உலோகாயதம் காட்சி ஒன்றையே ஒப்பும். வைசேடிகத்துக்கு 2. சாங்கியத்துக்கு 3: காட்சி, அனுமானம், ஆப்தர் சொல். நியாயத்துக்கு 4, உவமானம் சேரும். மீமாஞ்சையில் பிரபாகரருக்கு 5, பாட்டருக்கு 6. மணிமேகலைக் கணக்கு தனி: வேதவியாதன் 10, கிருதகோடி 8, சைமினி 6. முதல் தாளில் கேட்டால் முன்னதையும், இரண்டாம் தாளில் ‘மணிமேகலைப்படி’ என்று கேட்டால் பின்னதையும் எடுக்க வேண்டும்.

இனி 25 தத்துவம், அதாவது சாங்கியம் எண்ணிச் சொல்லும் அடிப்படைப் பொருள்கள். காபிலத்தைப் பற்றிய கேள்வி கடைசியில் இங்கேதான் வந்து நிற்கும், படித்தவர்கள் தவறுவதும் இங்கேதான். 25 என்று எண்ணை மட்டும் பிடித்துக்கொண்டு பட்டியலைக் கலக்கிவிடுகிறார்கள்.

பட்டியலைப் படிக்கச் சிறந்த இடம் 27ஆம் குறளுக்குப் பரிமேலழகர் எழுதிய உரை. சுவை, ஒளி, ஊறு, ஓசை, நாற்றம் என்று ஐந்தைச் சொல்லும் குறள் அது. நீத்தார் பெருமை அதிகாரம். ‘வகை தெரிவான்’ என்ற இரண்டு சொல்லைப் பிடித்துக்கொண்டு சாங்கிய நூல் முழுவதையும் உள்ளே கொண்டு வந்துவிடுகிறார். குமரிக் கடலில் 133 அடிச் சிலையை அண்ணாந்து பார்த்துவிட்டுத் திரும்புகிற நமக்கு, குறளுக்குள் காபிலம் இருப்பது அவ்வளவாகத் தெரியாது. உரையாசிரியரின் கணக்கு 1, 7, 16, 1. பெற்றது, பிறந்தது என்ற வீட்டுச் சொல்லில் வைத்துப் பார்த்தால் மறக்காது. மூலப்பகுதி பெற்றது, எதிலிருந்தும் பிறக்கவில்லை. அது பகுதி மட்டும். மான், அகங்காரம், தன்மாத்திரை (சுவை முதலியவற்றின் நுண்வடிவம்) ஐந்து ஆக ஏழும் பிறந்தும் இருக்கின்றன, பெற்றும் இருக்கின்றன, பகுதியும் விகுதியும். மனம், ஞானேந்திரியம் ஐந்து, கன்மேந்திரியம் ஐந்து, பூதம் ஐந்து ஆகப் பதினாறும் பிறந்ததோடு சரி; விகுதி மட்டும். புருடன், அதாவது உயிர், பிறக்கவும் இல்லை, பெறவும் இல்லை. கூட்டினால் 25.

மான் என்றவுடன் காட்டு மானை நினைக்காதீர்கள். மகத் என்பது தமிழில் மான் ஆயிற்று, புத்தியின் பெயர். பகுதி, விகுதி என்பவையும் இங்கே பகுபத உறுப்புகள் அல்ல, பிரகிருதி, விகிருதி. பதவியலைக் கரைத்துக் குடித்தவர்கள்தான் இதில் அதிகம் ஏமாறுகிறார்கள்.

அடுத்து மணிமேகலை. அங்கேயும் 25தான், பட்டியல் வேறு. பூதம் ஐந்து, பொறி ஐந்து, சுவை முதலிய புலன் ஐந்து, வாக்கு முதலிய தொழிற்கருவி ஐந்து. பிறகு மனம், புத்தி, ஆங்காரம், சித்தம் என நான்கு. ‘உயிர் எனும் ஆன்மா’ ஒன்று. பரிமேலழகர் கணக்கில் மூலப்பகுதி நிற்கிற இடத்தில் இங்கே சித்தம் நிற்கிறது. சைவ சித்தாந்தத்தின் ஆன்ம தத்துவம் 24இலும் இதே நான்கு அந்தக்கரணம் வரும் என்பதால், சித்தாந்தம் படித்தவர்கள் மணிமேகலைப் பட்டியலைத் தயங்காமல் சொல்வார்கள், பரிமேலழகர் பட்டியலில் சித்தத்தைச் செருகி 26 ஆக்குவார்கள். சாங்கியத்தில் 26 வந்தால் அது யோகம். பாதஞ்சலம் ஈசுவரனைச் சேர்த்துக்கொள்வதால் அதைச் சேசுவர சாங்கியம் என்பார்கள். காபிலம் நிரீச்சுவர சாங்கியம்.

தோன்றும் முறையிலும் பெரிய வேறுபாடு உண்டு. பரிமேலழகர் உரைப்படி மூலப்பகுதி, மான், அகங்காரம், தன்மாத்திரை, பூதம் என்று இறங்கும். மணிமேகலையில் புத்தியிலிருந்து நேராக ஆகாயம், அதிலிருந்து வாயு, அங்கி, அப்பு, மண், இவற்றின் கூட்டத்தில் மனம், மனத்தில்தான் ஆங்காரம். வரிசைப்படுத்தச் சொல்லும் வினாவுக்கு இது தீனி. ‘அகங்காரம் எப்போது’ என்ற ஒரு கேள்வியை வைத்தே எந்த நூலின் வரிசை என்று கண்டுவிடலாம்: மானுக்கு அடுத்து என்றால் உரை, மண்ணுக்கும் மனத்துக்கும் பிறகு என்றால் காப்பியம்.

புருடனிலும் அப்படியே. சாங்கிய காரிகை, புருடர் பலர் என்று நிறுவுகிறது. மணிமேகலை ‘ஒன்றாய் எங்கும் பரந்து நித்தியமாய்’ என்கிறது. கூற்று, காரணம் வகை வினாவில் ‘சாங்கியம் புருடன் ஒன்று என்கிறது’ என்று வெறுமனே வந்தால் தவறு. ‘மணிமேகலையில் சாங்கியவாதி’ என்று வந்தால் சரி. எந்த நூல் என்ற சொல்லுக்கு முதலில் அடிக்கோடு போட்டுவிட்டு விடைக்குப் போங்கள்.

குறிப்பேட்டில் ஒரு தாள் போதும். ஆசிரியர் பெயர், விருத்திச் சொல், வழக்குப் பெயர், வரும் நூல் என்று நாலு பத்தி. இரண்டாம் பத்தியைக் கையால் மறைத்துக்கொண்டு, முதல் பத்தியைப் பார்த்து நீங்களே சொல்லை ஆக்கிப் பாருங்கள். பிறகு முதல் பத்தியை மறைத்துக்கொண்டு பின்னோக்கி வாருங்கள். பின்னோக்கி வருவதுதான் கடினம்: ஆகாரத்தை அகரமாக்கினால் போதும் என்று கிளம்பினால், பாணினீயத்துக்குப் ‘பணினி’ என்று ஒருவரைப் படைத்துவிடுவோம். ஏற்கெனவே நெடிலாக இருந்த பெயர் அப்படியே நிற்கும். சார்வாகமும் இந்த வகை. அகராதியில் தேடும்போதும் கபிலம் இருக்கிற பக்கத்தில் காபிலம் இருக்காது, கா வரிசைக்குப் போக வேண்டும். கபிலம் என்றால் செம்மை கலந்த பழுப்பு நிறம். கபிலை என்றால் அந்த நிறப் பசு. நீர் இறைக்கிற கமலைக்கும் அந்தப் பெயர் உண்டு. மணிமேகலையில் கபிலையம்பதி என்று வந்தால் அது புத்தர் வளர்ந்த கபிலவத்து. தேரூர்க் கவிமணியின் ஆசிய ஜோதி வழியாக அந்த ஊர் நமக்கு ஏற்கெனவே அறிமுகம்.

கபிலர்களுக்குள்ளும் பிரிவினை உண்டு. சங்கக் கபிலர் ஒருவர், இன்னா நாற்பது கபிலர் ஒருவர், பதினோராம் திருமுறைக் கபிலதேவ நாயனார் ஒருவர், அகவல் பாடியவர் பிற்காலத்தவர். இவர்களில் யாரையும் காபிலத்தோடு முடிச்சுப் போடாதீர்கள்.

விளவங்கோடு, கிள்ளியூர் பக்கத்து மாணவர்களுக்கு ஒரு வசதி உண்டு. மலையாளமும் வாசிப்பவர்கள் என்பதால் ஐ, ஔ ஒலி மாற்றம் காதிலேயே விழும். அதே பழக்கம் ஜைமினி, பிருகஸ்பதி என்று எழுத வைக்கும். காப்பிய அடியைக் கொடுத்துக் கேட்கும்போது சைமினி, பிருகற்பதி என்ற வடிவம்தான் வரும். இரண்டு வடிவத்தையும் தாளில் பக்கத்தில் பக்கத்தில் எழுதுங்கள். விரிவாக எழுதும் தேர்வில் கட்டுரை முழுக்கக் காபிலம், காபிலம் என்று நிரப்ப வேண்டாம். வழக்கில் உள்ள சொல் சாங்கியம். முதல் வரியில் ‘காபிலம் எனவும் வழங்கும் சாங்கியம்’ என்று ஒருமுறை சொன்னால் போதும்.

பழகிப் பார்க்க ஒரு வினா. ‘காபிலன் ஒருவனிடம் பௌத்தன், சத்தம் விநாசி (ஒலி அழியக்கூடியது) என்று வாதிட்டால் நேரும் குற்றம் எது?’ காபிலன் என்பதைச் சாங்கியன் என்று மாற்றினால் பாதி வேலை முடிந்தது. மணிமேகலை 29ஆம் காதையில் இதே எடுத்துக்காட்டு சாங்கியன் பெயரில் இருக்கிறது. எதுவும் அழிவதில்லை என்பவன் அவன். அவனிடம் போய் அழியும் என்று சொன்னால் அந்தச் சாத்தியமே, அதாவது நிறுவ வந்த செய்தியே, அவனுக்கு ஒப்பமில்லாதது. விடை அப்பிரசித்த விசேடணம். அப்பிரசித்த விசேடியம் என்று குறித்தவர்கள் அடுத்த எடுத்துக்காட்டோடு குழப்பிக்கொண்டார்கள்: அதில் சாங்கியன் பேசுகிறான், கேட்பவன் பௌத்தன், அவன் ஒப்பாதது ஆன்மா.