கறுப்பு கால்மிதி

எங்க அப்பத்தாவுக்கு அல்சைமர்னு டாக்டர் சொல்லி மூணு வருஷம் ஆச்சு. எல்லாரும் மறதியப் பத்திதான் கேக்குறாங்க. எனக்கு முதல்ல ஞாபகம் வர்றது எங்க பாத்ரூம் வாசல்ல கெடந்த கறுப்பு கால்மிதிதான்.

அப்பத்தா சேலையத் தூக்கிப் பிடிச்சுக்கிட்டு அது முன்னாடி வந்து நிப்பாங்க, ஒரு கால எடுத்து வைப்பாங்க, உடனே பின்னாடி இழுத்துக்குவாங்க, நான் கையப் பிடிச்சா நிலைக்கதவ இறுக்கிக்கிட்டு "ஏத்தா, என்னயத் தள்ளி விடப் பாக்குறியா"ன்னு அழுவாங்க, அதுக்குள்ள சேலை நனஞ்சிரும். வேணும்னே பண்றாங்கன்னு அப்பா சத்தம் போடுவாரு. நானும் திட்டிருக்கேன். டாக்டர்கிட்ட சொன்னப்ப, கண்ணு நல்லாத்தான் இருக்கு, கண்ணு பாத்தத புரிஞ்சுக்குற மூளைப் பகுதி பழுதாகுது, அதான் ஆழம் தெரியல, வெளிர் தரைல கறுப்பா எது கெடந்தாலும் பள்ளமாத் தெரியலாம்னாரு. அன்னிக்கே அத எடுத்துட்டோம். மறுநாள் அவங்களே உள்ள நடந்து போனாங்க. மூணு மாசமா ஒரு கிணத்துக்குள்ள எறங்கச் சொல்லி அவங்கள அதட்டிருக்கோம், நெனச்சா இப்பவும் நெஞ்சு அடைக்குது.

அதே மாதிரிதான் வெள்ளைத் தட்டுல வெள்ளைச் சோறு. சோறு தனியாத் தெரியாம பாதிய அப்படியே விட்டுருவாங்க, நீலத் தட்டுக்கு மாத்துனதும் நல்லா சாப்பிட்டாங்க.

இன்னொண்ணு கண்டிப்பா சொல்லணும். ஒரு தடவ ரெண்டே நாள்ல ஆளே மாறிட்டாங்க, பகல்லாம் தூக்கம், ராத்திரி பூரா இல்லாத ஆளுகளோட பேச்சு. நோய் முத்திருச்சுன்னே நெனச்சோம். டெஸ்ட் எடுத்தா யூரின் இன்ஃபெக்ஷன், மருந்து குடுத்ததும் தெளிஞ்சிட்டாங்க. இந்த நோய் மெதுவாத்தான் கூடும், திடீர்னு மாறுனா உடனே டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போங்க.

சாயங்காலம் ஆனா "வீட்டுக்குப் போகணும்"னு ஆரம்பிச்சிருவாங்க. புது ஞாபகத்த பதிஞ்சு வைக்கிற ஹிப்போகேம்பஸ்ங்குற மூளைப் பகுதிதான் இதுல சீக்கிரமே அடிபடுதாம், பழசு ரொம்ப நாள் நிக்குமாம், அவங்க கேக்குறது அவங்க பொறந்த வீடு. இதான் வீடுன்னு சொல்லச் சொல்ல பதட்டம் கூடுது. இப்பல்லாம் இருட்டுறதுக்கு முன்னாடியே லைட்டு எல்லாத்தையும் போட்டுருவோம். அப்பவும் கேட்டா, சத்தம் போட்ட அதே அப்பாதான் செருப்ப எடுத்து மாட்டி விடுறாரு. கையப் பிடிச்சு தெருவ ஒரு சுத்து சுத்திக் கூட்டிட்டு வந்து "ஆத்தா, வீடு வந்திருச்சு"ங்குறாரு. அவங்களும் திண்ணைல உக்காந்து "அம்புட்டு தூரம்டா"ன்னு கால நீவிக்கிறாங்க.