டவுன் பஸ்ல காலரசக் குடுவை

அக்கா பையன் தர்மபுரியில பிசிக்ஸ் படிக்கிறான், காலேஜ்ல ஏதோ விழாவாம், இவன் எழுதின நாடகத்தைப் போடறாங்க. கதைப்படி ஒரு சித்தரோட சீடன்கிட்ட காலரசக் குடுவைன்னு ஒரு மெஷின் இருக்கும், அதுல பனி, நிலா வெளிச்சம், செத்தவங்க கண்ட கனவு, இந்த மாதிரி கையில புடிக்க முடியாத சமாச்சாரத்தை எல்லாம் ஊத்தினா வேற ஒண்ணா மாத்திக் குடுக்கும், மாறுற நேரத்துல காலம் முன்னாடி ஓடுதா பின்னாடி ஓடுதான்னு மேல இருக்க முள்ளு காட்டும். ஐடியா நல்லாத்தான் இருக்கு, வசனம் கொஞ்சம் ஓவர்.

மெஷின் தயாரானது கிருஷ்ணகிரியில எங்க வீட்டு மொட்டை மாடியில. ஆயாவோட செப்புக் குடம், அது வாயில பழைய கடிகாரம், ஆனா 12 நம்பர் இல்ல, வட்டமா 60 கோடு, ஏன்னா ஒரு நாளைக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 24 நிமிஷம்னு கணக்கு. சுத்தி மீன்தொட்டி டியூபு, உள்ள பச்சை எல்இடி. அடியில ஊசி நுழையுற ஓட்டை வேற, அந்தக் காலத்துல நாழிகை வட்டில்ல தண்ணிய வச்சு நேரம் பார்த்தாங்கல்ல அதுக்கு மரியாதையாம். ஆயா மரியாதை எல்லாம் பார்க்கல, குடத்துல ஓட்டைன்னு தெரிஞ்சதும் விளக்கமாத்தைத் தேடிச்சு.

அதைத் தூக்கிட்டு நானும் அவனும் தர்மபுரி பஸ் ஏறினோம். துண்டு போட்டு மூடித்தான் மடியில வச்சிருந்தான். காவேரிப்பட்டணம் தாண்டி ஒரு ஸ்பீடு பிரேக்கர்ல பஸ் குதிச்சதும் துண்டு நழுவி உள்ள சுவிட்ச் ஆன் ஆகி பச்சையா எரிய ஆரம்பிச்சிடுச்சு. அவ்ளோதான், பஸ்ல பேச்சு நின்னு போச்சு.

பக்கத்து சீட்டு பெரியவர் மெதுவா எங்கிட்ட சாஞ்சு, "கலசமுங்களா?"ன்னாரு.

நம்ம பக்கத்து ஆளுங்களுக்கு இதை விளக்கவே வேணாம். ரைஸ் புல்லிங், அதாவது இடி விழுந்த கலசத்துல இரிடியம் இருக்கு, அது அரிசியைத் தன்கிட்ட இழுக்கும், நாசாக்காரன் கோடிக்கணக்குல வாங்குவான்னு சொல்லி ஏமாத்துற கேசு பேப்பர்ல அடிக்கடி வருது. அரிசியில இரும்புத்தூளைத் தடவி, பாத்திரத்துக்குள்ள காந்தத்தை ஒளிச்சு வச்சுட்டா முடிஞ்சுது வித்தை.

"இல்லீங்க, நாடக சாமான்"னேன். பெரியவர் தலையாட்டினாரு பாருங்க, 'வெளிய அப்படித்தான் சொல்லணும், சொல்லுங்க'ங்கற தலையாட்டல். பின்னாடி சீட்டு அண்ணன் ஒருத்தர், "60 கோடு போட்டிருக்கே, அறுபது கோடி ரேட்டா?"ன்னாரு.

நான் இவன் தொடையைக் கிள்றேன், இவன் கேட்டாத்தானே, அறிவியல் பரப்பக் கிளம்பிட்டான். "அண்ணா, இரிடியம்ங்கறது 1803-ல கண்டுபிடிச்ச உலோகம், 77-வது தனிமம், அது காந்தத்துலயே ஒட்டாது, அரிசியை எங்க இழுக்கப் போகுது? ரசவாதம்லாம் அணு ஆராய்ச்சிக் கூடத்துலதான். பாதரசத்துல 80 புரோட்டான், தங்கத்துல 79, ஒண்ணே ஒண்ணைக் கழட்டிட்டா தங்கம்."

இதுல பஸ்ஸு காதுல விழுந்தது 'ஒண்ணைக் கழட்டிட்டா தங்கம்' மட்டும்தான். டிரைவர் கண்ணாடியில பார்க்கிறாரு. கண்டக்டர் டிக்கெட் போடறதை விட்டுட்டு வந்து கம்பியைப் புடிச்சிட்டு நிக்கிறாரு.

"கழட்டியிருக்காங்களா யாராவது?"

"1941-லயே ஹார்வர்டுல பாதரசம் மேல நியூட்ரானை மோத விட்டு எடுத்துட்டாங்க. ஆனா அது கதிரியக்கத் தங்கம்ணா, கொஞ்ச நாள்ல தானா திரும்பப் பாதரசம் ஆயிடும்."

அண்ணன் சீரியஸா யோசிச்சாரு. "அதுக்குள்ள வித்துடணும்."

இதுக்கு என்னத்தைப் பதில் சொல்றது, வியாபாரத்துல பிறந்து வளர்ந்த மூளை. காரிமங்கலத்துல ஏறின ஒரு அம்மா விஷயத்தைக் கேட்டுட்டு, தாலிக்கொடியை இறுக்கிப் புடிச்சிட்டு சீட்டு மாறி உக்காந்துச்சு, திருப்பிப் பாதரசமாக்கிடுவோம்னு பயந்துச்சோ என்னவோ. கண்டக்டர் மட்டும் தெளிவு, கோடி ரூபா பொருள்னா லக்கேஜ் டிக்கெட் எடுத்துத்தான் ஆகணும்னுட்டாரு. எடுத்தேன்.

பெரியவர் கடைசி வரைக்கும் நம்பல. அட்வான்ஸ் வேணும்னா மாங்கா காசு வந்ததும் தர்றேன், வேற யாருக்கும் குடுத்துடாதீங்கன்னு எங்கிட்ட ரகசியமாப் பேரம். சரி இந்த இரிடிய ஆசையையாவது ஒழிப்போம்னு பையன், "ஐயா அது ஒண்ணும் மாயப் பொருள் இல்லீங்க, சில விலை கூடின ஸ்பார்க் பிளக் முனையிலயே துளி இரிடியம் இருக்கு"ன்னு சொல்லி வச்சான்.

தர்மபுரி பஸ் ஸ்டாண்டுல கூட்டத்துக்குள்ள குடத்தை அணைச்சுப் புடிச்சு எறங்கறோம், பின்னாடி சீட்டு அண்ணன் மூச்சு வாங்க ஓடி வந்து என் கையைப் புடிச்சாரு.

"பாலக்கோட்டுல மச்சான் மெக்கானிக் கடை வச்சிருக்கான், பழைய பிளக்கு ஒரு மூட்டை கெடக்கு. கிலோ என்னன்னு எடுப்பீங்க?"