அப்பாவுக்கு ஒரு பிடி மணல்

முதல் நாள் மாலையே ராமேஸ்வரம் போய், விடியற்காலையில் ஸ்படிக லிங்க தரிசனம் பார்த்துவிட வேண்டும் என்றுதான் கிளம்பினேன். மதுரையில் ரயிலை விட்டுவிட்டேன். பஸ் பிடித்துப் போய்ச் சேர்வதற்குள் விடிந்துவிட்டது. அப்பாவின் முதல் வருஷ திதி அன்று. அக்னி தீர்த்தக் கடலில் முழுகி, தர்ப்பணம் முடித்து, ஈர வேட்டியோடு கோயிலுக்குள் தீர்த்தமாடப் போனேன்.

மொத்தம் 22 தீர்த்தங்கள். வாளியில் இறைத்து அப்படியே தலையில் ஊற்றுகிறார்கள். கடல் இத்தனை பக்கத்தில் இருந்தும் உதட்டில் பட்ட தண்ணீர் கரிக்கவில்லை. சக்கர தீர்த்தம் தாண்டும்போது ஓர் அம்மா ஈரக் கல்லில் வழுக்கினார். சட்டென்று கையைப் பிடித்தேன். அப்புறம் அவர் விடவே இல்லை.

கங்கை, யமுனை, கயா மூன்றும் அடுத்தடுத்து வரும். கயா தீர்த்தம் தலையில் விழுந்தபோது என்னையறியாமல் "அப்பா" என்றிருக்கிறேன்.

"அப்பாவுக்கா வந்தீங்க தம்பி? எந்த ஊரு?"

"கோவில்பட்டி."

"நான் டைப்பிங் படிச்சதே அங்கதான்."

"அப்பா டைப்ரைட்டிங் மாஸ்டர்தாம்மா."

அவர் நின்றுவிட்டார். "கீ மேல அட்டையை மூடிட்டு, பார்க்காம அடின்னு சொல்வாரே, அந்த மாஸ்டரா?"

அதே அட்டைதான். பழைய காலண்டரை வெட்டி, சணல் கோத்துக் கொடுத்ததே நான்தான். கடைசி மூன்று மாதம் ஃபீஸ் வாங்காமல் ஹையர் பரீட்சை எழுத வைத்தாராம். அதை வைத்துத்தான் இவருக்கு அரசு வேலை கிடைத்திருக்கிறது. அப்பா வீட்டில் ஒரு வார்த்தை சொன்னதில்லை.

சீதை மணலில் பிடித்த லிங்கம்தான் மூலவர் ராமநாதர் என்பது தலபுராணம். தரிசனம் முடித்து மறுபடி கடற்கரைக்கு வந்தோம். அடுத்த வாரம் அவர் காசி யாத்திரை போகிறார். இந்தக் கரையின் சேது மணலைப் பிரயாகையில் திரிவேணியில் கரைத்து, கங்கை நீர் கொண்டுவந்து ராமநாதருக்கு அபிஷேகம் செய்ய வேண்டும். ஓய்வு பெற்ற பிறகு, கால்வலி சரியான பிறகு என்று அப்பா தள்ளிக்கொண்டே போன யாத்திரை. ரயில் தவறியதை இனி நான் தற்செயல் என்று சொல்ல மாட்டேன். ராமநாதர்தான் என்னை நிறுத்தி வைத்தார்.

அந்த அம்மா மஞ்சள் துணியை விரித்தார். "மாஸ்டர் பேரைச் சொல்லி நீங்களே ஒரு பிடி போடுங்க தம்பி."

சொன்னேன். ஈர மணல் உள்ளங்கையிலேயே ஒட்டிக்கொண்டது. அவர் என் கையைப் பிடித்துத் தட்டித் தட்டி, விரலிடுக்கில் இருந்ததையும் உதிர்த்துவிட்டு, துணியை முடிந்தார்.